யெஷில்சாம்: பழைய துருக்கியப் படங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

துருக்கி என்றதும் இப்போது பலருக்கு ஞாபகம் வருவது வாரம் தவறாமல் இழுத்துக்கொண்டு போகும் சீரியல்கள்தான். இங்கே பேச்சு அவற்றுக்கு முந்தைய தலைமுறையைப் பற்றி. 1950-களிலிருந்து 1980-கள் வரை இஸ்தான்புல்லில் எடுத்துக் குவித்த படங்கள், அவற்றைத் துருக்கிக்காரர்கள் இன்னமும் விடாமல் பார்ப்பதற்கான காரணங்கள். புதிதாகப் பார்க்கத் தொடங்குகிறவர்கள் என்னிடம் கேட்கும் கேள்விகளையே வரிசைப்படுத்தியிருக்கிறேன். வரிசை கொஞ்சம் முன்னே பின்னே இருக்கும், பரவாயில்லை.

யெஷில்சாம் என்பது என்ன? ஸ்டூடியோவா, ஊரா?

தெரு. இஸ்தான்புல்லின் பெயோலு பகுதியில் இஸ்திக்லால் என்ற பெரிய கடைவீதி இருக்கிறது, அதிலிருந்து பிரியும் ஒரு சின்னச் சந்துக்குத்தான் அந்தப் பெயர். படக் கம்பெனிகளின் அலுவலகங்கள் அந்தச் சந்திலும் அக்கம்பக்கத்திலும் இருந்ததால் தெருவின் பெயரே தொழிலின் பெயராகிவிட்டது, கோடம்பாக்கம் ஆன மாதிரி. வாய்ப்பு தேடி வந்தவர்கள், துணை நடிகர்கள், சண்டைக்காரர்கள் எல்லோரும் அந்தப் பகுதி டீக்கடைகளில் உட்கார்ந்திருப்பார்கள். யாராவது வந்து கூப்பிட்டால் அன்றைக்குப் படப்பிடிப்பு, இல்லாவிட்டால் இன்னொரு டீ.

எத்தனை படங்கள் எடுத்திருப்பார்கள்?

உச்சத்தில் இருந்த 1972-ல் மட்டும் ஏறக்குறைய 300. உலகத்திலேயே அதிகம் படம் எடுத்த நாடுகளின் வரிசையில் அப்போது துருக்கியும் இருந்தது. இதற்கெல்லாம் தொடக்கப்புள்ளி ஒரு வரிக் கணக்கு. 1948-ல் உள்ளூர்ப் படங்களின் டிக்கெட் மீதான நகராட்சி வரியை 25 சதவீதமாகக் குறைத்தார்கள். வெளிநாட்டுப் படங்களுக்கு அது 70 சதவீதம். அதுவரை சினிமாப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காத வியாபாரிகள் எல்லாம் தயாரிப்பாளர்கள் ஆனார்கள். கலை ஆர்வம் அப்புறம்தான் வந்தது, வந்தவர்களுக்கு.

இவ்வளவு படங்களுக்குப் பணம் எங்கிருந்து வந்தது?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது, ஏனென்றால் இந்தப் படங்கள் ஏன் இப்படி இருக்கின்றன என்பதற்குப் பாதி விடை இதில் இருக்கிறது. பெரிய ஸ்டூடியோ கிடையாது, வங்கிக் கடன் கிடையாது. நாட்டை இஸ்தான்புல், அங்காரா, இஸ்மிர், அதனா, சம்சுன், சொங்குல்தாக் என்று ஆறு விநியோக வட்டாரங்களாகப் பிரித்திருந்தார்கள். ஒவ்வொரு வட்டார விநியோகஸ்தரும் படம் தொடங்கும் முன்பே முன்பணம் கொடுப்பார். ரொக்கமாக இல்லை, பெரும்பாலும் புரோநோட்டாக. அந்த நோட்டைத் தயாரிப்பாளர் வட்டிக்காரரிடம் கொண்டுபோய்க் கழிவு கொடுத்துக் காசாக்கி, அந்தக் காசில் ஃபிலிம் சுருள் வாங்கிப் படப்பிடிப்பைத் தொடங்குவார். அதனால் தேதி தள்ளிப்போனால் வட்டி ஏறும், வட்டி ஏறினால் படம் முங்கிவிடும். இரண்டு மூன்று வாரத்தில் ஒரு படம் முடிந்தது திறமையால் மட்டும் வந்த வேகம் இல்லை என்பது இப்போது புரிந்திருக்கும்.

பணம் கொடுத்தவர் சும்மா இருப்பாரா? எங்கள் ஊர்ச் சனத்துக்கு இந்த நடிகர்தான் வேண்டும், சண்டை இத்தனை வேண்டும், கதாநாயகி கடைசியில் சாகக்கூடாது என்றெல்லாம் சொல்லி அனுப்புவார். அவர் தன் விருப்பத்தைச் சொல்லவில்லை, கொட்டகையில் யார் எங்கே அழுதார்கள், எங்கே எழுந்து போனார்கள் என்று பார்த்ததைச் சொன்னார். ஆக, அனத்தோலியாவின் ஏதோ ஒரு சிற்றூரில் திறந்தவெளிக் கொட்டகையில் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டு படம் பார்த்த ஒரு குடும்பம், தனக்கே தெரியாமல் அடுத்த படத்தின் கதையை எழுதிக்கொண்டிருந்தது. இந்தப் படங்கள் மீதான பாசத்துக்கு இதுதான் அடிவேர் என்பது என் கருத்து. தங்களுக்காக எடுத்த படம் என்பது பார்த்தவர்களுக்குத் தெரிந்திருந்தது.

எல்லாப் படமும் ஒரே கதை மாதிரி இருக்கிறதே?

இருக்கும். பணக்காரப் பையன், ஏழைப் பெண். பார்வை போகும், அறுவை சிகிச்சையில் திரும்பக் கிடைக்கும். கிராமத்துப் பெண்ணை அவமானப்படுத்தி அனுப்புவார்கள், அவள் பெரிய பாடகியாகித் திரும்பி வந்து அதே மாளிகையின் படியில் ஏறுவாள். கதாசிரியர் சஃபா ஒனால் எழுதிப் படமான திரைக்கதைகள் மட்டும் 395. அதற்காகவே கின்னஸ் புத்தகத்தில் இடம்பிடித்தவர். அந்த எண்ணிக்கையில் எழுதும்போது புதுக் கதைக்கு எங்கே போவது?

ஆனால் கதை தெரிந்த பிறகும் ஏன் பார்க்கிறார்கள் என்றால், முகங்களுக்காக. ஹுலூசி கென்ட்மென் என்று ஒரு பெரியவர், அடர்ந்த மீசை, தொப்பை. ஆலை முதலாளியாகவோ போலீஸ் அதிகாரியாகவோ வருவார், முதலில் உறுமுவார், கடைசியில் கண்கலங்கி இருவர் கையையும் சேர்த்துவைப்பார். எரோல் தாஷ் வந்தால் வில்லன், திரையில் அவ்வளவு கொடூரம். நிஜத்தில் இஸ்தான்புல்லின் ஜான்குர்தரான் பகுதியில் காப்பிக்கடை நடத்தியவர். அலியே ரோனா வந்தால் மாமியார் கொடுமை ஆரம்பம். இவர்கள் திரையில் நுழைந்தவுடனேயே பாதிக் கதை சொல்லி முடிந்துவிடும், அறிமுகத்துக்கு ஃபிலிம் செலவில்லை. பார்க்கிறவர்களுக்கு ஊருக்குப் போய்ச் சொந்தக்காரர்களைப் பார்ப்பது போல.

வாயசைவும் குரலும் ஏன் பொருந்துவதில்லை?

படப்பிடிப்பில் ஒலிப்பதிவே கிடையாது. நடிகருக்கு வசனம் மனப்பாடம் செய்ய நேரமில்லை என்பதால் கேமராவுக்குப் பக்கத்திலேயே ஒருவர் நின்று வரிவரியாக எடுத்துக்கொடுப்பார், நடிகர் அதைத் திருப்பிச் சொல்வார். பிறகு ஒலிக்கூடத்தில் வேறு ஒருவர் குரல் கொடுப்பார். ஒரே குரல் பல கதாநாயகிகளுக்கு வரும், கூர்ந்து கேட்டால் கண்டுபிடித்துவிடலாம்.

அந்தக் குரல்களில் ஒருவரைப் பற்றிச் சொல்லாமல் போக மனமில்லை: அதாலெத் ஜிம்ஜோஸ். துர்க்கான் ஷொராய் உட்படப் பல நட்சத்திரங்களுக்குக் குரல் கொடுத்தவர். அதே அம்மா 1950-ல் இஸ்தான்புல்லில் மாயா என்ற ஓவியக் கூடத்தைத் தொடங்கினார், துருக்கியின் முதல் தனியார் ஓவியக் கூடங்களில் ஒன்று. காஃப்கா மிலேனாவுக்கு எழுதிய கடிதங்களைத் துருக்கிய மொழிக்குக் கொண்டுவந்தவரும் அவர்தான். ஏழைப் பெண்ணின் விசும்பலுக்குப் பின்னால் இப்படி ஒரு ஆள். அவருடைய அண்ணன் ஃபெர்தி தைஃபுர் லாரல், ஹார்டி இருவருக்கும் தானே குரல் கொடுத்துப் புகழ்பெற்றவர்.

இந்தியப் படங்களுக்கும் இதற்கும் தொடர்பு உண்டா?

உண்டு, நன்றாகவே உண்டு. ராஜ் கபூரின் 'ஆவாரா' 1955-ல் துருக்கியில் ஓடியபோது நாடே அதன் பின்னால் போனது. பாட்டு தெருவெல்லாம் ஒலித்தது. 1964-ல் சத்ரி அலிஷிக்கை வைத்து 'அவாரே' என்றே மறுபடி எடுத்தார்கள். அதற்கும் முன்னால் எகிப்துப் படங்கள். 1938-ல் அப்துல் வஹாப் நடித்த ஒரு படம் இஸ்தான்புல்லில் பெருங்கூட்டத்தை இழுத்தது. அந்த மாதிரிப் படங்களுக்கு வந்த வரவேற்பைப் பார்த்து அரபுப் பாட்டுகளுக்கு அரசு தடை போட, அவற்றுக்குப் பதிலாக உள்ளூர் இசையமைப்பாளர்கள் துருக்கியப் பாட்டு போட ஆரம்பித்தார்கள். பாட்டும் கண்ணீருமான படத்துக்கு ரசிகர்கள் அப்போதே தயாராகிவிட்டார்கள். எனவே நம் ஊர்ப் பழைய படம் பார்த்து வளர்ந்த ஒருவருக்கு யெஷில்சாமில் பெரிதாக எதுவும் அந்நியமாகத் தெரியாது. ஐரோப்பிய விமர்சகர்கள் திணறும் இடங்களை நாம் சுலபமாகத் தாண்டிவிடுவோம்.

ஒரே ஒரு படம் பார்க்க நேரம் இருக்கிறது. எதைப் பார்க்கலாம்?

'செல்வி பொய்லும் அல் யஸ்மாலிம்'. சிவப்பு முக்காடு அணிந்த, நெடிதுயர்ந்த என் பெண்ணே என்று காதலன் விளிப்பது போன்ற தலைப்பு. 1977-ல் ஆதிஃப் யில்மாஸ் எடுத்தது. கதை சிங்கிஸ் ஐத்மாத்தவுடையது, 'ஜமீலா', 'முதல் ஆசிரியன்' தமிழில் படித்தவர்களுக்கு அவரைத் தெரியும்.

இல்யாஸ் லாரி ஓட்டுகிறவன். சேற்றில் வண்டி மாட்டிக்கொண்ட இடத்தில் ஆசியா என்ற கிராமத்துப் பெண்ணைச் சந்திக்கிறான், இருவரும் ஓடிப்போகிறார்கள், பையன் பிறக்கிறான். வேலையில் ஒரு வீம்பால் சறுக்கல், அப்புறம் குடி, அப்புறம் இன்னொரு பெண். ஆசியா குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியேறுகிறாள். நிலநடுக்கத்தில் தன் குடும்பத்தையே இழந்த ஜெம்ஷித் என்ற சாலைப் பணியாளர் அவர்களுக்கு இடம் கொடுக்கிறார். எதையும் கேட்பதில்லை, அவசரப்படுத்துவதில்லை. பையன் அவரை அப்பா என்று கூப்பிட ஆரம்பிக்கிறான். வருடங்கள் கழித்து இல்யாஸ் திரும்பி வருகிறான்.

கடைசிக் காட்சியை யாரும் எனக்குச் சொல்லாதிருந்தால் நன்றாக இருந்திருக்கும், ஆனால் துருக்கியில் அது ஊரறிந்த விஷயம், எனவே சொல்லிவிடுகிறேன். ஒரு பக்கம் இன்னமும் நெஞ்சு துடிக்கும் காதலன், காதிர் இனானிர் அந்த வயதில் எப்படி இருந்தார் என்று பார்த்தால் ஆசியாவின் கஷ்டம் புரியும். இன்னொரு பக்கம் தலை குனிந்து நடந்துபோகும் ஜெம்ஷித், அஹ்மத் மெக்கின். துர்க்கான் ஷொராய் ஒரு வார்த்தை பேசுவதில்லை, கண் மட்டும் இரண்டு பக்கமும் போய்வருகிறது, மனக்குரல் கேட்கிறது: அன்பு என்றால் என்ன? அன்பு நல்லகுணம், நட்பு, அன்பு என்பது உழைப்பு. பையன் ஜெம்ஷித்தை நோக்கி ஓடுகிறான். ஜாஹித் பெர்க்காயின் இசை மீதியைப் பார்த்துக்கொள்கிறது.

யெஷில்சாமின் வழக்கப்படி அவள் காதலனிடம் போயிருக்க வேண்டும், இல்லாவிட்டால் செத்திருக்க வேண்டும். இரண்டும் நடக்கவில்லை. அவள் யோசித்து முடிவெடுக்கிறாள். அந்த 'உழைப்பு' வரி அப்புறம் கல்யாணப் பேச்சுகளிலும் சுவர்க் கிறுக்கல்களிலும் தேய்ந்துபோனாலும், படத்தில் அது வரும் இடத்தில் இன்னமும் வேலை செய்கிறது.

அழுகை வேண்டாம், சிரிப்புப் படம் சொல்லுங்கள்.

எர்தெம் எய்ல்மெஸ் நடத்திய அர்சூ ஃபிலிம் கம்பெனியின் 1970-களின் படங்கள் எதை எடுத்தாலும் மோசம் போகாது. முனீர் ஒஸ்குல் அப்பா, அதிலே நாஷித் அம்மா, நிறையப் பிள்ளைகள், நிறையக் கடன், எந்த நேரமும் நிறைந்திருக்கும் ஒரு சாப்பாட்டு மேசை. அதிலேயின் சிரிப்பு ஒன்று இருக்கிறது, தொண்டையிலிருந்து உருண்டு வரும், அதைக் கேட்டுவிட்டு முகத்தை உம்மென்று வைத்திருக்க முடியாது.

1978-ல் வந்த 'நெஷெலி குன்லெர்' படத்தில் இவர்கள் இருவரும் ஊறுகாய்க் கடைக்காரர்கள். நல்ல ஊறுகாய் வினிகரில் போட்டதா எலுமிச்சைச் சாறில் போட்டதா என்று வாக்குவாதம். வாக்குவாதம் முற்றி, பிள்ளைகளைப் பங்குபோட்டுக்கொண்டு புருஷனும் பெண்டாட்டியும் பிரிந்தே போகிறார்கள். வருடங்கள் கழித்துப் பிள்ளைகள் ஒருவரையொருவர் கண்டுபிடித்து இவர்களைச் சேர்த்துவைக்கப் பாடுபடும்போதும், வினிகரும் எலுமிச்சையும் விட்டுக்கொடுப்பதாக இல்லை. துருக்கியில் இன்றும் யாராவது ஊறுகாய் வாங்கும்போது இந்தச் சண்டையை நினைக்காமல் இருப்பது கஷ்டம்.

அதே ஒஸ்குல் 1975-ல் 'பிஸிம் ஐலே' படத்தில் யஷார் என்ற தொழிலாளி. மகன் பணக்காரர் வீட்டுப் பெண்ணைக் காதலித்த பாவத்துக்கு பெண்ணின் அப்பாவான முதலாளி, யஷார் குடும்பத்தின் சோற்றிலேயே கைவைக்கிறார். யஷார் அவரிடம் நேராகப் போய், "இதோ பாருங்கள் ஐயா, உங்களிடம் இரண்டு வார்த்தை பேச வேண்டும்" என்று ஆரம்பிக்கிறார். மரியாதை குறையாத ஆரம்பம். பணம் இருக்கிறது, ஆயிரக்கணக்கான பேர் கைகட்டி வேலை செய்கிறார்கள், ஒருத்தன் ரொட்டியோடு விளையாடுவது உங்களுக்கு அழகா என்று கேட்கக் கேட்கக் குரல் ஏறி, நீ பெரியவனா, இல்லை, நான்தான் பெரியவன் என்று முடியும் இடத்தில் கை தட்டாமல் இருக்க முடியவில்லை. முதலாளிகளைத் திட்டும் மேடைப்பேச்சு எந்த ஊர் சினிமாவிலும் உண்டுதான். இது நிற்பதற்குக் காரணம், அந்த மனிதர் முதல் பாதியில் கோபப்படத் தெரியாத ஆளாக இருந்தது.

கெமால் சுனால் ஏன் இவ்வளவு பெரிய ஆள்?

எர்தெம் எய்ல்மெஸின் 'ஹபாபாம் சினிஃபி' 1975-ல் வந்தது, ரிஃபாத் இல்காஸின் நாவல். தேற வழியில்லாத விடுதி மாணவர்களின் வகுப்பு, அவர்களுக்கு ஒஸ்குல் நடித்த கண்டிப்பான ஆசிரியர், மணியடிக்கும் ஹஃபீசே அம்மாவாக அதிலே நாஷித். அதில் ஷபான் என்ற மக்குப் பையனாக வந்தவர் கெமால் சுனால். அங்கிருந்து அவருக்கென்று ஒரு உலகமே விரிந்தது: ஏமாற்றப்படுகிற, ஆனால் ஏமாறாத ஏழை. குப்பை அள்ளுபவர், அடுக்குமாடிக் காவலாளி, கிராமத்திலிருந்து வந்த வேலையாள். மேலே இருப்பவன் சொல்வதை அப்படியே எழுத்துப் பிசகாமல் செய்து அவனையே முட்டாளாக்கும் கலை அவருடையது. 1978-ன் 'கிபார் ஃபெய்ஸோ'வில் கிராமத்து ஆகாவை, அதாவது நிலப்பிரபுவை, இந்த வழியில்தான் படுத்துகிறார்.

நடிப்புக்கு நடுவில் பாதியில் விட்ட படிப்பை முடித்து, 1998-ல் மர்மரா பல்கலைக்கழகத்தில் முதுகலை ஆய்வேடு கொடுத்தார். தலைப்பு, தொலைக்காட்சியிலும் சினிமாவிலும் கெமால் சுனாலின் நகைச்சுவை! 2000 ஜூலை 3, படப்பிடிப்புக்காகத் திரப்சோன் போகும் விமானத்தில் ஏறி உட்கார்ந்தவருக்கு மாரடைப்பு. வயது 55.

துர்க்கான் ஷொராயின் 'சட்டங்கள்' என்கிறார்களே, அது என்ன?

முத்தக் காட்சி கிடையாது, ஆடை களையும் காட்சி கிடையாது, ஞாயிற்றுக்கிழமை வேலை கிடையாது. இந்த நிபந்தனைகளோடுதான் ஒப்பந்தம் போடுவார். வேறு யாராவது சொல்லியிருந்தால் வேறு ஆளைப் பார்த்துக்கொள்கிறோம் என்றிருப்பார்கள். அவர் பெயர் போஸ்டரில் இருந்தால்தான் வட்டார விநியோகஸ்தர் புரோநோட்டில் கையெழுத்துப் போடுவார் என்பதால் எல்லோரும் ஒத்துக்கொண்டார்கள். பட்டப்பெயரே சுல்தான். 1982-ல் ஆதிஃப் யில்மாஸின் 'மீனே'யில் தன் சட்டத்தைத் தானே மீறினார். மனமில்லாத மண வாழ்க்கையில் சிக்கிய ஒரு பெண்ணின் கதை அது, ஊர் முழுக்க அவளைப் பற்றிப் புறம் பேசும். கதைக்குத் தேவை என்று அவரே முடிவு செய்தபோது மீறினார், அவ்வளவுதான் விஷயம். ஹுல்யா கோச்சியிட், ஃபாத்மா கிரிக், ஃபிலிஸ் அக்கின் மூவரையும் இவரோடு சேர்த்து 'நான்கு இலை குளோவர்' என்பார்கள், அதிர்ஷ்டம் தருவதாக நம்பப்படும் அபூர்வ இலை அது. ஃபாத்மா கிரிக் பின்னாளில் இஸ்தான்புல்லின் ஷிஷ்லி பகுதி மேயராகவே ஆனார், 1989-லிருந்து 1994 வரை.

'துருக்கிய ஸ்டார் வார்ஸ்' என்று இணையத்தில் சிரிக்கிறார்களே?

1982-ல் செத்தின் இனான்ச் எடுத்த படம், பெயர் 'உலகைக் காப்பாற்றிய மனிதன்'. ஸ்டார் வார்ஸிலிருந்து விண்கலக் காட்சிகளை அப்படியே வெட்டி ஒட்டி, இண்டியானா ஜோன்ஸ் படத்து இசையைப் பின்னணியில் போட்டு, நடுவில் ஜுனெய்த் அர்க்கின் பாறைகளை உதைத்துப் பயிற்சி செய்வார். சிரிப்பு வரும், சிரியுங்கள். ஆனால் வெளிநாட்டுக்காரர்கள் யெஷில்சாம் என்றாலே இதுதான் என்று நினைப்பது எனக்கு எரிச்சலாக இருக்கிறது. அர்க்கின் மருத்துவம் படித்த டாக்டர், குதிரைமேல் நின்று சண்டை போடுகிற ஆள், டூப் வைத்துக்கொள்ளாமல் எலும்பு முறித்துக்கொண்டவர். அவருடைய சரித்திரப் படங்களில் வீரன் கையில் கைக்கடிகாரம் தெரிகிறது என்ற கிண்டல் துருக்கியிலேயே பழசு. கிண்டல் செய்கிறவர்கள்தான் 2022-ல் அவர் இறந்தபோது அதிகம் அழுதவர்களும்.

தரமான, விருது வாங்கிய படங்கள் கிடையாதா?

ஏன் இல்லை? மெதின் எர்க்சானின் 'சுசுஸ் யாஸ்', வறண்ட கோடை, 1964-ல் பெர்லின் திரைப்பட விழாவின் உயர்ந்த விருதான தங்கக் கரடியை வாங்கியது. தன் நிலத்தில் ஊறும் தண்ணீரை ஊருக்கு விடமாட்டேன் என்று அணை கட்டும் அண்ணன், அதனால் வரும் கொலை, அந்தப் பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டு சிறைக்குப் போகும் தம்பி, வீட்டில் தனியாக மாட்டிக்கொண்ட தம்பி மனைவி. எரோல் தாஷ்தான் அண்ணன். தண்ணீர்ச் சண்டை தெரிந்த எந்த ஊர்க்காரரும் உடனே உள்ளே போய்விடுவார். ஹுல்யா கோச்சியிட்டுக்கு இது முதல் படம். ஸ்கார்செஸி தொடங்கிய அறக்கட்டளை 2008-ல் இதைப் புதுப்பித்தது, எனவே நல்ல பிரதி கிடைக்கிறது.

அடுத்து லுத்ஃபி அக்காத். 1973, 1974-ல் வந்த 'கெலின்', 'தூன்', 'தியெத்' மூன்றும் கிராமத்திலிருந்து இஸ்தான்புல்லுக்குப் பிழைக்க வந்த குடும்பங்களைப் பற்றியவை. 'கெலின்' பாருங்கள்: மளிகைக்கடையைப் பெரிதாக்க வேண்டும் என்ற அவசரத்தில் நோயாளிப் பேரனின் ஆபரேஷனுக்குக் காசு எடுக்க மறுக்கும் ஒரு தாத்தா. அவர் வில்லன்கூடக் கிடையாது.

யில்மாஸ் குனெய் தனிக்கதை. அடிதடி நாயகனாக 'அசிங்க ராஜா' என்ற பட்டத்தோடு புகழ்பெற்றவர், 1970-ல் குதிரைவண்டிக்காரன் ஒருவனைப் பற்றிய 'உமுத்' எடுத்து எல்லோரையும் திகைக்க வைத்தார். 1974-ல் ஒரு நீதிபதியைச் சுட்டுக்கொன்ற வழக்கில் தண்டனை பெற்றார், இதை மறைத்து அவரைப் புகழ்கிறவர்களோடு எனக்கு ஒப்புதல் இல்லை. சிறையிலிருந்து எழுதிய 'யோல்' படத்தை ஷெரிஃப் கோரென் இயக்கினார். குனெய் 1981-ல் தப்பி ஐரோப்பா போய்ப் படத்தை முடித்தார். 1982-ல் கான் விழாவின் தங்கப் பனை, கோஸ்தா-காவ்ராஸின் 'மிஸ்ஸிங்' படத்தோடு பகிர்ந்துகொண்டது. துருக்கியில் 'யோல்' திரைக்கு வர 1999 ஆனது. அதற்குள் அவர் இறந்து 15 வருடம்.

பிறகு ஏன் எல்லாம் சரிந்தது?

டிவி வந்தது. குடும்பங்கள் வீட்டில் உட்கார்ந்தன. கலர் ஃபிலிம் விலை ஏறியது. தெருவில் இடதும் வலதும் சுட்டுக்கொண்ட காலம், இரவுக் காட்சிக்குப் பெண்களை யார் அனுப்புவார்கள்? காலியான கொட்டகையை நிரப்ப 1974-க்குப் பிறகு ஆபாசக் காமெடிகளை எடுக்க ஆரம்பித்தார்கள், 1979-ல் எடுத்த படங்களில் பாதிக்கு மேல் அந்த ரகம். அதோடு குடும்பங்கள் ஒரேயடியாக விலகின. 1980 செப்டம்பர் 12-ல் ராணுவ ஆட்சி. மிச்சத்தை அது முடித்துவைத்தது.

அப்படியானால் இன்றைய இளைஞர்களுக்கு எப்படித் தெரிகிறது?

கொன்ற டிவியே காப்பாற்றியது. 1990-ல் தனியார் சேனல்கள் தொடங்கியபோது நாள் முழுக்க ஒளிபரப்பச் சரக்கு வேண்டும், கையில் இருந்ததோ மலிவாகக் கிடைத்த பழைய படங்கள். காலை, மதியம், பெருநாள் விடுமுறை என்று எந்த நேரம் போட்டாலும் கெமால் சுனால். 1990-களில் பிறந்த குழந்தை பள்ளி விட்டு வந்து சோறு சாப்பிட்டபோது ஓடியது 1975-ன் படம்தான். கொட்டகையில் பார்த்த தாத்தாவும் டிவியில் பார்த்த பேரனும் ஒரே வசனத்தைச் சேர்ந்து சொல்வார்கள். அதற்கு முன்பே, ஜெர்மனிக்கு வேலைக்குப் போன துருக்கியர்கள் 1980-களில் வீடியோ கேசட்டில் இவற்றை வாங்கிக் குவித்ததால் சில கம்பெனிகள் உயிரோடு இருந்தன.

இன்னொரு காரணமும் சொல்ல வேண்டும். இந்தப் படங்களில் தெரியும் இஸ்தான்புல் இப்போது இல்லை. மரவீடுகள், தோட்டங்கள், கூட்டமில்லாத போஸ்பரஸ் கரை, ஹைதர்பாஷா ரயில் நிலையப் படிகளில் மரப்பெட்டியோடு நின்று ஊரை அண்ணாந்து பார்க்கும் கிராமத்தான். ஸ்டூடியோ செட் போடக் காசில்லாமல் நிஜத் தெருவில் எடுத்தார்கள், இன்றைக்கு அது ஆவணமாக நிற்கிறது. கதையை விட்டுவிட்டுப் பின்னணியை மட்டும் பார்க்கிறவர்கள் இருக்கிறார்கள்.

எல்லாம் இனிப்பாகச் சொல்கிறீர்களே, குறையே இல்லையா?

நிறைய. கதாநாயகன் அறைவது காதலின் அடையாளம், கெடுக்கப்பட்ட பெண்ணுக்குக் கல்யாணம் அல்லது சாவு, பொன்னிற முடி என்றால் கெட்டவள். இவற்றைக் காலம் அப்படி என்று சொல்லித் தள்ளிவிட முடியாது, ஏனென்றால் அதே காலத்தில்தான் அக்காத் வேறு மாதிரி எடுத்தார். கிழக்குப் பகுதி மனிதர்கள் கொச்சை பேசும் கோமாளிகளாக வருவார்கள், அங்கே வாழும் குர்து இனத்தின் பெயர்கூட உச்சரிக்கப்படாது.

அந்த அன்பான பக்கத்துவீட்டு மாமா முகங்களில் பலர் சிறுபான்மையினரான ஆர்மீனியர்கள். கெனான் பார்ஸின் இயற்பெயர் கிர்கோர், பெயர் மாற்றித்தான் நடிக்க வந்தார். நுபார் தெர்சியான் ஆர்மீனியப் பெயரோடே நடித்தார். 1979-ல் பெரிய நட்சத்திரம் அயான் இஷிக் இறந்தபோது, 'மகனே' என்று விளித்துப் பத்திரிகையில் அஞ்சலி விளம்பரம் கொடுத்தார். அயானுக்கும் அவருக்கும் எந்த உறவும் இல்லை என்று குடும்பத்தார் பெயரில் உடனே ஒரு மறுப்பு விளம்பரம் வந்தது. நூற்றுக்கணக்கான படங்களில் எல்லோருக்கும் அப்பாவாகவும் மாமாவாகவும் வந்த மனிதர் அவர்.

அந்தத் தெரு இன்னும் இருக்கிறதா?

தெரு இருக்கிறது, சினிமா இல்லை. யெஷில்சாம் தெருவில் 1924-லிருந்து இருந்த எமெக் திரையரங்கை இடித்து வணிக வளாகம் கட்டும் திட்டத்தை எதிர்த்து வருடக்கணக்கில் போராடினார்கள். 2013 ஏப்ரலில் போலீஸ் தண்ணீர் பீய்ச்சிக் கலைத்த கூட்டத்தில் திரைப்பட விழாவுக்கு வந்திருந்த கோஸ்தா-காவ்ராஸும் இருந்தார், 1982-ல் குனெயோடு தங்கப் பனையைப் பகிர்ந்துகொண்ட அதே மனிதர். இடித்துவிட்டார்கள். அலங்கார வேலைப்பாடுகளை வளாகத்தின் மேல்மாடிக்குக் கொண்டுபோய் ஒட்டி, இதுவும் எமெக்தான் என்கிறார்கள்.

எங்கே பார்ப்பது? மொழி தெரியாமல் புரியுமா?

யூடியூபில் தயாரிப்பு நிறுவனங்களே நூற்றுக்கணக்கான படங்களை முழுசாக ஏற்றி வைத்திருக்கின்றன. சிலவற்றுக்கு ஆங்கில வசனவரி உண்டு, பலவற்றுக்கு இல்லை. 'சுசுஸ் யாஸ்', 'யோல்' இரண்டும் வசனவரியோடு சுலபமாகக் கிடைக்கும். 'செல்வி பொய்லும்' படத்துக்கு வசனவரி தேடிப் பிடித்துப் பாருங்கள், அந்த மனக்குரல் புரியாமல் போனால் நஷ்டம். கெமால் சுனாலுக்கு மட்டும் வசனவரி பாதிதான் உதவும், அவர் வார்த்தைகளில் விளையாடுகிறவர். ஊறுகாய்ச் சண்டைக்கு வசனவரியே வேண்டாம்.